ஒற்றை வாக்கும் ஊர் வரிசையும்: ‘மண்டேலா’ திரைப்படத்தை அரியலூர் – பெரம்பலூர் வட்டாரத்திலிருந்து வாசித்தல்

ஆய்வுச்சுருக்கம்

வாக்குரிமையை மையமாகக் கொண்ட அண்மைக்காலத் தமிழ்த் திரைக்கதையாடல்கள் அதனைத் தனியொருவர் உரிமையாகவும் தனியொருவர் வெற்றியாகவும் சித்திரிக்கின்றன. வாக்குரிமையை நடைமுறையில் நிலைநாட்டியதில் எளிய மக்களுக்கு இருந்த பங்கு இதிலிருந்து வேறுபட்டது. அது கூட்டாகவும் திரும்பத் திரும்பவும் நிகழ்ந்த செயல். இவ்வேறுபாட்டை மடோன் அஷ்வின் இயக்கிய ‘மண்டேலா’ (2021) திரைப்படத்தை முதன்மைச் சான்றாகவும், ‘சர்கார்’ (2018) திரைப்படத்தையும் இமையத்தின் ‘வாழ்க வாழ்க’ என்னும் புனைவையும் ஒப்பீட்டுச் சான்றுகளாகவும் கொண்டு இக்கட்டுரை ஆராய்கிறது. பொன்பரப்பி, மேலவளவு, பாப்பாபட்டி நிகழ்வுகளும், அரும்பாவூர் உள்ளிட்ட பேரூராட்சிகளில் தேர்தலின்றிக் கழிந்த ஆண்டுகளும் வரலாற்றுப் பின்புலமாகக் கொள்ளப்படுகின்றன.

திறவுச்சொற்கள்: வாக்குரிமை, வாக்காளர் பட்டியல், மண்டேலா, உள்ளாட்சித் தேர்தல், பொன்பரப்பி, அரும்பாவூர்.

வயதுவந்த அனைவருக்கும் வாக்குரிமை என்பது 1950இல் அரசமைப்புச் சட்டத்தின்வழி மேலிருந்து வழங்கப்பட்ட கொடை என்னும் கருத்து நம் பாடநூல்களிலும் மேடைப்பேச்சிலும் ஆழ வேரூன்றியுள்ளது. வரலாற்றாய்வாளர் ஓர்னிட் ஷானி 2018இல் வெளியிட்ட நூல் இக்கருத்தை மறுபரிசீலனைக்கு உட்படுத்தியது. அரசமைப்புச் சட்டம் நடைமுறைக்கு வருமுன்பே, 1947இன் இறுதியிலிருந்து, வாக்காளர் பட்டியல் தயாரிக்கும் பணி தொடங்கிவிட்டது. பிரிவினையால் இடம்பெயர்ந்தோரும் அவர்தம் அமைப்புகளும் தங்கள் பெயர்களைச் சேர்க்கக் கோரி அரசுக்கு எழுதினர். அதிகாரிகள் விடை எழுதினர். அக்கடிதப் போக்குவரத்தின் ஊடாகவே குடிமக்கள் என்போர் உருவாயினர் என்பது அவர்தம் வாதம். இவ்வாதத்தை ஏற்றுக்கொண்டால், இலக்கியத்தையும் திரைப்படத்தையும் வாசிக்கும் திறனாய்வாளரிடம் ஒரு கேள்வி எழுகிறது. வாக்குரிமை பற்றி நாம் சொல்லிக்கொள்ளும் கதைகளில் அம்மக்கள் எங்கே இருக்கிறார்கள்?

பெயர்

‘மண்டேலா’ 2021 ஏப்ரல் 4 அன்று தொலைக்காட்சியில் முதன்முதலாக ஒளிபரப்பாயிற்று. தமிழ்நாட்டுச் சட்டமன்றத் தேர்தலுக்கு இரண்டு நாள்களே எஞ்சியிருந்தன. சூரங்குடி என்னும் கற்பனை ஊரில் இரண்டு சாதிப்பிரிவினர் எதிரெதிராக நிற்கின்றனர். ஊராட்சித் தலைவர் தேர்தலில் இருதரப்புக்கும் சம எண்ணிக்கையில் வாக்குகள் உள்ளன எனக் கணக்கெடுப்பில் தெரியவருகிறது. இந்நிலையில் ஊருக்கு முடிதிருத்துபவனாகவும், கூலியற்ற ஏவலாளாகவும், மரத்தடிவாசியாகவும் வாழும் ஒருவன் புதிய வாக்காளனாகப் பட்டியலில் இடம்பெறுகிறான். அவன் வாக்கே வெற்றியைத் தீர்மானிக்கும் என்றாகிறது.

இப்படத்தின் வலிமை அதன் தேர்தல் நையாண்டியில் இருப்பதாகவே பெரும்பாலோர் கருதினர். அதன் வலிமை பெயர்சூட்டும் பகுதியில் உள்ளது என்பது இக்கட்டுரையின் துணிபு. அவனை ஊரார் இளிச்சவாயன் என்றும் ஸ்மைல் என்றும் அழைக்கின்றனர். சேர்த்து வைத்த பணத்தை அஞ்சலகத்தில் போட வேண்டுமெனில் கணக்கு வேண்டும். கணக்குக்கு அடையாள அட்டை வேண்டும். அட்டைக்குப் பெயர் வேண்டும். அஞ்சலக ஊழியரான தேன்மொழி பல பெயர்களைச் சொல்லிப் பார்த்து இறுதியில் நெல்சன் மண்டேலா எனப் பெயரிடுகிறாள். வாக்குரிமை அவனை வந்தடைவது தேர்தல் ஆர்வத்தால் அன்று, சேமிப்பைக் காத்துக்கொள்ளும் தேவையால். உரிமைகள் எளியோரின் வாழ்வில் இவ்வாறு பக்கவாட்டிலிருந்தே நுழைகின்றன என்பதை இப்பகுதி மிகையின்றிக் காட்டுகிறது. ஆவணம் கேட்கும் அலுவலகத்திலிருந்தே உரிமை தொடங்குகிறது.

பெயரின்மை இங்கு வெறும் கதைப்புனைவு அன்று. 1951–52 பொதுத்தேர்தலுக்கான பட்டியலில் ஏறத்தாழ 28 லட்சம் பெண்களின் பதிவுகள் நீக்கப்பட்டன. இன்னாரின் மனைவி, இன்னாரின் தாய் என்றே அவர்கள் தம்மைப் பதிவுசெய்திருந்தனர். சொந்தப் பெயரைத் தர முன்வரவில்லை. அவர்களுள் பெரும்பாலோர் வட இந்திய மாநிலங்களைச் சேர்ந்தவர்கள். முதல் தேர்தல் ஆணையர் சுகுமார் சென் உறவுப்பெயரை ஏற்க மறுத்தார். அடுத்த தேர்தலுக்குள் அவர்களுள் பலர் தம் பெயரைச் சொல்லப் பழகினர். அந்தப் பழக்கம் சட்டத்தால் வந்ததன்று. கணக்கெடுப்பாளரின் முன் நின்று முதன்முறையாகத் தம் பெயரை உரக்கச் சொன்ன பெண்களால் வந்தது. 2025 நவம்பரில் தமிழ்நாட்டில் தொடங்கிய வாக்காளர் பட்டியல் சிறப்புத் தீவிரத் திருத்தத்தின்போது, முந்தைய திருத்தப் பட்டியலில் தம் பெயரையோ பெற்றோர் பெயரையோ தேடி வீடுவீடாக நிகழ்ந்த உழைப்பும் அதே வகையினது. வேலைக்காக வெளியூர் சென்றவர்கள் நிறைந்த பெரம்பலூர், அரியலூர் போன்ற மாவட்டங்களில் இவ்வுழைப்பு வீட்டிலிருந்த முதியோர் மீதும் பெண்கள் மீதுமே விழுந்தது.

இவ்விடத்தில் படத்தின் ஒரு சாய்வையும் சுட்ட வேண்டும். பெயர் மண்டேலாவுக்குத் தரப்படுகிறது. அவன் தேடிப் பெறவில்லை. தருபவள் அரசு ஊழியர்களுள் கடைநிலையைச் சேர்ந்தவள் என்பதால் இச்சாய்வு மென்மையாகத் தெரிகிறது. ஆயினும், ஒரு நல்ல அலுவலர், அவர் நீட்டும் கை, அதனால் மீளும் எளியவன் என்னும் கொடைக்கதையின் அமைப்பு அப்படியே உள்ளது. உள்ளாட்சித் தேர்தல் வரலாற்றை நாம் நினைவில் வைத்திருக்கும் முறையும் இதுவே. மதுரை மாவட்டத்துப் பாப்பாபட்டி, கீரிப்பட்டி, நாட்டார்மங்கலம், விருதுநகர் மாவட்டத்துக் கொட்டக்கச்சியேந்தல் ஆகிய ஊராட்சிகள் 1996இல் பட்டியல் சாதியினருக்கு ஒதுக்கப்பட்டன. பத்தாண்டுகள் அங்கு முறையான தலைவர் எவரும் பதவியில் நீடிக்க இயலவில்லை. வேட்பாளர் இல்லாமலோ, வென்றவர் உடனே பதவி விலகுவதாலோ அவ்விடம் வெற்றாகவே இருந்தது. 2006 அக்டோபரில் தேர்தல் நடந்தது. அதனை நடத்திக்காட்டிய ஆட்சியரின் பெயரும், அதைக் கொண்டாடிய அரசு விழாவும் நூல்களில் உள்ளன. அந்தப் பத்தாண்டுகளில் மிரட்டலுக்கிடையே வேட்புமனுவைக் கையில் எடுத்துச் சென்றவர்களின் பெயர்களை எத்தனை ஆய்வாளர்கள் அறிவர்? அலுவலரின் பங்கைக் குறைத்துச் சொல்வது இங்கு நோக்கமன்று. மனு இல்லாமல் தேர்தல் இல்லை என்பதே சுட்டப்படுகிறது.

சமநிலை என்னும் கணக்கு

‘மண்டேலா’வின் கதைமுடிச்சு ஒரு கணக்கைச் சார்ந்தது. இரு பிரிவுகளும் சமம், நடுவே ஒருவன். முடிதிருத்துவோர், சலவைத் தொழிலாளர் முதலிய பணிசெய் சாதியினர் ஓர் ஊரில் ஓரிரு குடும்பங்களாகவே இருப்பது வழக்கமாதலால் இக்கணக்கு சமூகவியல் நோக்கில் முற்றிலும் பொய்யன்று. வாக்குவங்கி என்னும் சொல்லுக்குள் அடங்காத சிறு எண்ணிக்கையினரைக் கதையின் நடுவே நிறுத்தியது இப்படத்தின் அரிய தேர்வு. எண்ணிக்கை உள்ளோரின் அரசியலைப் பேசிப் பழகிய தமிழ்த் திரைக்கு, எண்ணிக்கையே இல்லாதவன் எப்படி அரசியல்படுகிறான் என்ற கேள்வி புதியது.

இத்தேர்வுக்குப் படம் ஒரு விலை கொடுத்திருக்கிறது. சூரங்குடியில் வடக்கும் தெற்கும் உண்டு, சேரி இல்லை. அரியலூர், பெரம்பலூர் மாவட்டங்களின் ஊர்களில் ஊர், காலனி என்னும் பிரிவு ஊரின் முதல் பிரிவு. காலனியில் இருப்பது ஒரு வாக்கன்று. பல நூறு வாக்குகள். பல நூறு வாக்குகள் இருக்குமிடத்தில் கெஞ்சலும் பரிசும் மட்டும் நிகழ்வதில்லை, தடுத்தலும் நிகழ்கிறது. சேரியை நீக்கியதன் மூலம் படம் வாக்குரிமையின் சிக்கலைத் தடையிலிருந்து ஏலத்திற்கு மாற்றிவிடுகிறது. அவ்வூரில் வாக்கு விலைமதிப்பற்றதாகிறது. அதனைச் செலுத்துபவன் தேடப்படுகிறான், தூக்கிவைத்துக் கொண்டாடப்படுகிறான். வாக்கை ஏலம் விடும் காட்சி இம்மாற்றத்தின் உச்சம்.

இதற்கு நேர்மாறான நிகழ்வு படம் வெளிவருவதற்கு இரண்டாண்டுகளுக்கு முன் இவ்வட்டாரத்திலேயே நடந்தது. 2008 தொகுதி மறுவரையறைக்குப் பின் குன்னம், அரியலூர், ஜெயங்கொண்டம் ஆகிய சட்டமன்றத் தொகுதிகள் சிதம்பரம் நாடாளுமன்றத் தனித்தொகுதியில் அடங்குகின்றன. 2019 ஏப்ரல் 18 வாக்குப்பதிவு நாளன்று, அரியலூர் மாவட்டம் செந்துறை வட்டத்துப் பொன்பரப்பியில் பானைச் சின்னத்தை முன்னிட்டு எழுந்த மோதலைத் தொடர்ந்து தலித் குடியிருப்பில் வீடுகள் சூறையாடப்பட்டன. மறுவாக்குப்பதிவு வேண்டுமென்ற கோரிக்கை எழுந்தது; நடைபெறவில்லை. அத்தொகுதியில் தொல். திருமாவளவன் 3,219 வாக்குகள் வேறுபாட்டில் வென்றார்.

இவ்வெண்ணிக்கையைப் படத்தின் கணக்கோடு ஒப்பிட்டுக் காண்க. பொன்பரப்பியின் எந்தவொரு வாக்கும் தனியாக முடிவைத் தீர்மானிக்கவில்லை. இருந்தும் அவ்வாக்குக்காக ஓடுகள் உடைந்தன. வாக்கின் மதிப்பு அது முடிவை மாற்றுவதில் இருக்கிறது என்பது சூரங்குடியின் தருக்கம். யார் வரிசையில் நிற்கிறார், எந்தச் சின்னத்தை வெளிப்படையாகச் சுமக்கிறார் என்பதிலேயே வாக்கின் மதிப்பு இருக்கிறது என்பதைப் பொன்பரப்பியில் தாக்கியவர்களும் தாக்கப்பட்டவர்களும் நன்கு அறிந்திருந்தனர். ஒற்றை வாக்கால் முடிவு மாறிய தேர்தல்கள் இல்லாமலில்லை. 2008இல் இராஜஸ்தானின் நாத்துவாரா தொகுதியில் சி. பி. ஜோஷி 62,215 வாக்குகள் பெற்று, 62,216 பெற்றவரிடம் தோற்றார். அத்தகைய தேர்தல் செய்தியாவதற்குக் காரணம் அதன் அருமை. அருமையான ஒன்றின்மேல் எழுப்பப்பட்ட மதிப்பு, சமநிலை குலைந்த மறுதேர்தலில் என்னவாகும்? அடுத்த ஐந்தாண்டில் ஒரு பிரிவில் இருவர் கூடுதலாகப் பதினெட்டு வயதை எட்டினால் மண்டேலா மீண்டும் இளிச்சவாயன் ஆகிவிடுவான். படம் இக்கேள்விக்குள் நுழையவில்லை.

நையாண்டி என்பது சுருக்கும் கலை. ஓர் ஊரின் முழுச் சமூகவரைபடத்தை அதனிடம் எதிர்பார்க்கலாகாது என்னும் மறுப்பு எழக்கூடும். அம்மறுப்பு பெருமளவு நியாயமானதே. ஆயின் எதைச் சுருக்குகிறோம் என்பது கலைத்தேர்வு மட்டுமன்று. 1996இன் உள்ளாட்சித் தேர்தலில் பட்டியல் சாதியினருக்கு ஒதுக்கப்பட்ட மேலவளவில், வேட்பாளர்கள் பின்வாங்க நேர்ந்து, தேர்தல் தள்ளிப்போய், இடையூறுகளுக்குப் பிறகு அவ்வாண்டின் இறுதியில் முருகேசன் தலைவரானார். 1997 ஜூன் 30 அன்று அவரும் உடன் சென்றோரும் பேருந்தை மறித்துக் கொல்லப்பட்டனர். ஊராட்சித் தலைவர் தேர்தலையே களமாகக் கொண்ட ஒரு தமிழ்க் கதையின் பின்னால் இந்நினைவு நிற்காமல் இருக்க முடியாது. அதனை நகைச்சுவையாக்க வேண்டியதில்லை. அதற்கு ஓர் இடம் விட்டிருக்கலாம்.

49பி

ஏ. ஆர். முருகதாஸ் இயக்கிய ‘சர்கார்’ பற்றி நீண்ட ஆய்வு தேவையில்லை. வெளிநாட்டில் பெருநிறுவனம் நடத்தும் நாயகன் வாக்களிக்கத் தனி விமானத்தில் வருகிறான், அவன் வாக்கை வேறொருவர் செலுத்தியிருப்பதை அறிகிறான், நீதிமன்றம் செல்கிறான். தேர்தல் நடத்தை விதிகள், 1961இன் 49பி என்னும் விதி இப்படத்தால் பொதுமக்களிடையே பரவியது என்பது அதன் நற்பயன். ஆனால் விதி சொல்வது குறைவானது. தம் வாக்கு ஏற்கெனவே செலுத்தப்பட்டதைக் காண்பவர் தம் அடையாளத்தை மெய்ப்பித்தால், இயந்திரத்தில் வாக்களிக்க அவருக்கு வாய்ப்பில்லை. வாக்குச்சீட்டு ஒன்று தரப்படும். அது தனி உறையில் வைக்கப்படும். வழக்கமான எண்ணிக்கையில் அது சேராது. தேர்தல் வழக்கில் நீதிமன்றம் கேட்டாலன்றி அவ்வுறை பிரிக்கப்படுவதில்லை. ஆகவே, உரிமை கிடைக்கிறது என்பதைவிட, உரிமை இழக்கப்பட்டதற்குச் சான்று கிடைக்கிறது என்பதே சரி. நாளொன்றின் கூலியை விட்டு வரிசையில் நின்ற ஒருவருக்கு அச்சான்றைக் கொண்டு உயர்நீதிமன்றம் செல்ல வழியேது? நாயகனின் பணமும் வழக்குரைஞரும் இல்லாத இடத்தில் அக்கதை தொடங்கவே தொடங்காது. மண்டேலாவின் மரத்தடி இவ்வகையில் பெரும் முன்னேற்றம்.

கூட்டமும் வரிசையும்

திரைப்படங்கள் வாக்கை வைத்துக்கொண்டு கூட்டத்தை விட்டுவிட்டன என்றால், இமையத்தின் ‘வாழ்க வாழ்க’ கூட்டத்தை எடுத்துக்கொண்டது. தலைவியின் வருகைக்காகக் காசு கொடுத்து ஊர்களிலிருந்து வண்டியேற்றி வரப்பட்ட பெண்கள் வெயிலில் பல மணிநேரம் காத்துக்கிடப்பதே அதன் களம். கடலூர், பெரம்பலூர், கள்ளக்குறிச்சி எல்லைப்புற மக்களின் பேச்சை இமையம் அளவுக்குக் காதால் கேட்டு எழுதியவர் அரிது. அக்கூட்டத்தில் பெண்கள் சண்டையிடுகின்றனர். நாற்காலிக்காக, நிழலுக்காக, தண்ணீருக்காக. சாதி அங்கும் தன் இடத்தைக் கேட்கிறது. இவர்கள் ஏமாற்றப்பட்ட மந்தையாகச் சித்திரிக்கப்படவில்லை என்பதே இப்புனைவின் மேன்மை. தாம் எதற்காக வந்தோம், எவ்வளவுக்கு வந்தோம் என்பதை அவர்கள் தெளிவாக அறிவர்.

எனினும், கூட்டத்தில் உட்கார்ந்திருக்கும் அதே பெண்கள் சில நாள்களில் வாக்குச்சாவடி வரிசையில் நிற்பார்கள். கூட்டத்தில் அவர்களை அழைத்துவந்தவர் உடனிருக்கிறார். மறைப்புக்குப் பின்னால் அவர் இல்லை. கூட்டத்திலிருந்து வரிசைக்கு நகரும் அந்த இடைவெளியில் என்ன நிகழ்கிறது என்பதைத் தமிழ்ப் புனைவு போதிய அளவு எழுதவில்லை. வாங்கிய காசுக்கும் செலுத்திய வாக்குக்கும் இடையே பெண்கள் தமக்குள் செய்துகொள்ளும் தீர்ப்பு, வீட்டு ஆண்களுக்குச் சொல்லாத முடிவு, தோழியிடம் மட்டும் சொன்ன சின்னம் ஆகியன களஆய்வில் கேட்கத்தக்கவை, கதையாகத்தக்கவை.

வரிசையில் நிற்க மறுப்பதும் கூட்டுச்செயலாகலாம். காஞ்சிபுரம் மாவட்டம் ஏகனாபுரம் மக்கள், பரந்தூர் விமான நிலையத் திட்டத்தை எதிர்த்து 2024 ஏப்ரல் 19 நாடாளுமன்றத் தேர்தலைப் புறக்கணித்தனர். மண்டேலா தன் ஒற்றை வாக்கை முன்வைத்து ஊருக்கான பொதுவசதிகளைக் கேட்டுப் பெறுகிறான். ஏகனாபுரத்தில் ஊரே தன் வாக்குகளை ஒன்றாகக் கட்டி வெளியே வைத்தது. முதலாவது வென்றது, கதை என்பதால். இரண்டாவது எண்ணிக்கை ஏட்டில் வெற்றிடமாகவே பதிவாயிற்று. ஆயினும் தன் வாக்கைத் தனியே பேரம்பேசாமல் ஊர்க்கூட்டத்தில் ஒப்படைத்த ஒவ்வொருவரின் செயலும் சூரங்குடியின் நாயகத்தன்மையைவிடக் கடினமானது என்றே கருத வேண்டியுள்ளது.

வாக்கில்லாத ஆண்டுகள்

வன்முறையும் ஏலமும் புறக்கணிப்பும் ஏதுமின்றியும் வாக்குரிமை இல்லாமற்போகலாம். பச்சைமலை அடிவாரத்தில், வேப்பந்தட்டை வட்டத்தில் அமைந்த அரும்பாவூர், மரச்சிற்பத்திற்குப் புவிசார் குறியீடு பெற்ற பேரூராட்சி. குரும்பலூர், பூலாம்பாடி, லப்பைக்குடிக்காடு ஆகியவற்றுடன் பெரம்பலூர் மாவட்டத்தின் நான்கு பேரூராட்சிகளுள் ஒன்று. இங்கு 2011 அக்டோபரில் உள்ளாட்சித் தேர்தல் நடந்தது. மன்றத்தின் பதவிக்காலம் 2016 அக்டோபரில் முடிந்தது. அத்தேர்தலுக்கான அறிவிக்கையை, பழங்குடியினருக்கான இடஒதுக்கீடு முறையாகப் பின்பற்றப்படவில்லை என்ற வழக்கில் சென்னை உயர்நீதிமன்றம் இரத்து செய்தது. பின்னர் வார்டு மறுவரையறை, மேன்முறையீடு, பெருந்தொற்று எனக் காலம் கடந்தது. தமிழ்நாட்டின் நகர்ப்புற உள்ளாட்சிகள் அனைத்திற்கும் அடுத்த தேர்தல் 2022 பிப்ரவரி 19இல்தான் நடந்தது. இடைப்பட்ட ஐந்தாண்டுக்கும் மேலான காலம் தனி அலுவலர்களின் ஆட்சி. ஐந்தாண்டுக்கொரு முறை தேர்தல் என்பதை அரசமைப்பின் 74ஆம் திருத்தம் உறுதிசெய்திருந்தும் இந்நிலை. 2012இல் பதினெட்டு வயதை எட்டிய அரும்பாவூர்க்காரர் ஒருவர் தம் வார்டு உறுப்பினருக்கு முதன்முதலாக வாக்களித்தபோது இருபத்தேழு வயதைக் கடந்திருப்பார்.

கிராம ஊராட்சிகளில் இவ்விடைவெளி சற்றுக் குறைவு. பெரம்பலூர் மாவட்ட ஊராட்சிகளில் 2019 டிசம்பர் இறுதியில் தேர்தல் நடந்தது. ஆக, ‘மண்டேலா’ ஒளிபரப்பான 2021 ஏப்ரலில், அதைத் தொலைக்காட்சியில் கண்ட அரும்பாவூர் மக்களுக்கு ஊராட்சித் தேர்தலின் ஒற்றை வாக்கு மலையளவு மதிப்புடையதாகக் காட்டப்பட்டது. அவ்வேளையில் அவர்தம் பேரூராட்சிக்கு வாக்களிக்க ஒருவருக்கும் வழியில்லை. இம்முரண் படத்தின் குற்றமன்று. எனினும், இழப்பு எல்லாருக்கும் சமமாகப் பங்கிடப்படும்போது அதற்குக் கதைநாயகன் கிடைப்பதில்லை என்பதை இது காட்டுகிறது. தெருவிளக்கு எரியவில்லை, குடிநீர் வரவில்லை என்று அவ்வாண்டுகளில் மக்கள் மனுவோடு சென்ற இடம் வார்டு உறுப்பினரின் வீடன்று. செயல் அலுவலரின் மேசை. அம்மனுக்கள் பேரூராட்சி அலுவலகங்களிலும், மாவட்ட ஆட்சியரகத்துத் திங்கட்கிழமைக் குறைதீர்க்கும் கூட்டப் பதிவேடுகளிலும் இருக்கும். ஷானி 1947–50 காலக் கடிதங்களை வாசித்ததுபோல, 2016–22 காலத்து மனுக்களை வாசிக்கும் ஆய்வு தமிழில் இனிமேல்தான் தொடங்க வேண்டும். அவற்றில் கையொப்பமிட்டவர்களும் கைநாட்டு வைத்தவர்களும் இப்போதும் அதே தெருக்களில் வாழ்கின்றனர். 2022 பிப்ரவரியில் வாக்குச்சாவடிக்குச் சென்றபோது அம்மனுக்கள் அவர்கள் நினைவில் இருந்தனவா என்பதை நேரில் கேட்டுப் பதிவுசெய்ய இன்னும் காலம் உள்ளது.